இரட்டையரில் ஒருவன்: பெல்லோக்கியோவின் ஐம்பது வருஷங்கள்

1

2016 டிசம்பர் 16-ந் தேதி, வட இத்தாலியில் பியாசென்ட்ஸா நகரின் ஒரு கிளப்பில் ஒரு குடும்பம் மத்தியானச் சாப்பாட்டுக்குக் கூடுகிறது. எண்பதை ஒட்டியவர்களும் தாண்டியவர்களுமாக அண்ணன்மார், அக்காமார், அவர்களைச் சேர்ந்தவர்கள். கூட்டியவர் சகோதரர்களில் இளையவர், சினிமா டைரக்டர் மார்க்கோ பெல்லோக்கியோ. அவருக்கு அப்போது 77 வயது. காமிராவும் வந்திருக்கிறது. உயிரோடு இருக்கும்போதே எல்லோரையும் ஒரு முறை படம்பிடித்து வைத்துவிடலாம் என்பதற்கு மேல் அன்று பெரிய திட்டம் இருந்ததாகத் தோன்றவில்லை. ஆனால் மேஜையைச் சுற்றி உட்கார்ந்திருப்பவர்களை எடுக்க ஆரம்பித்தவருக்கு, மேஜையில் இல்லாதவன்தான் விஷயம் என்று புரிந்துபோகிறது. அவன் காமில்லோ. மார்க்கோவுடன் இரட்டையாகப் பிறந்தவன். 1968 டிசம்பர் 27-ந் தேதி, 29-வது வயதில் தற்கொலை செய்துகொண்டவன்.

அந்தச் சாப்பாட்டில் தொடங்கிய விவரணப் படம் 2021-ல் முடிந்தது. பெயர் 'மார்க்ஸ் காத்திருக்கட்டும்'. அந்த வருஷம் கான் விழாவில் பெல்லோக்கியோவுக்குக் கௌரவத் தங்கப் பனையோலை கொடுத்தார்கள், படத்தையும் காட்டினார்கள். ஒன்றரை மணி நேரத்துக்குக் கொஞ்சம் கூடுதலாக ஓடும் படம். பெரும்பாலும் வயதானவர்கள் உட்கார்ந்து பேசுகிறார்கள். இரண்டு முறை பார்த்தேன்.

பெல்லோக்கியோ ஏதோ ஒருநாள் திடீரென்று குடும்பத்தையும் மனநோயையும் கண்டுபிடித்தவர் அல்ல. அவருடைய முதல் படமே அதுதான். மனநோய் விடுதிகளைப் பற்றி இத்தாலியில் எடுக்கப்பட்ட முக்கியமான விவரணப் படத்தில் அவர் பங்கு உண்டு. பைத்தியமும் தாயும் சகோதரர்களும் இல்லாத அவருடைய படங்களை எண்ணிவிடலாம். அப்படிப்பட்டவர் இந்த மேஜைக்கு வந்துசேர ஏன் 48 வருஷம் தேவைப்பட்டது? இந்தக் கேள்வி அவரை மட்டும் சேர்ந்ததல்ல என்று நினைக்கிறேன். நம்மில் சிலரையும் சேர்ந்தது. எழுதுவதற்கு அதுவே காரணம்.

2

பெல்லோக்கியோ குடும்பத்தில் எட்டுக் குழந்தைகள். அப்பா வக்கீல். அம்மா பள்ளி ஆசிரியை, அழுத்தமான கத்தோலிக்கப் பக்தி உள்ளவர். மூத்த பிள்ளை பாவ்லோ மனநோயாளி. வீடு முழுவதும் கேட்க அலறுகிறவன். பெண்களில் ஒருத்தி, லெட்டீட்ஸியா, காது கேளாதவள். பியர்ஜார்ஜோ என்ற அண்ணன் 1962-ல் 'குவாதெர்னி பியாசென்தீனி' என்ற பத்திரிகையைத் தொடங்கினார். தலைநகரத்தில் அல்ல, பியாசென்ட்ஸா போன்ற ஒரு மாகாண ஊரில் இருந்துகொண்டு சிலபேர் சேர்ந்து நடத்திய பத்திரிகை. கட்சிக்கு வெளியே நின்ற இடதுசாரிச் சிந்தனைக்கு இத்தாலியில் அந்தச் சிறுபத்திரிகைதான் மையமாக இருந்தது; 1984 வரை வந்தது. அது படிக்க வேண்டிய புத்தகங்கள், படிக்க வேண்டாத புத்தகங்கள் என்று இரண்டு பட்டியல் போடும். சிறுபத்திரிகைக்காரர்களுக்கு எங்கும் ஒரே குணம். ஆல்பர்ட்டோ என்ற இன்னொரு அண்ணன் தொழிற்சங்கத்துக்காரர். மார்க்கோ மிலானில் தத்துவம் படித்து, அதை விட்டுவிட்டு, ரோமில் சினிமாப் பள்ளிக்கும் பிறகு லண்டனில் ஸ்லேட் கலைப்பள்ளிக்கும் போனார்.

காமில்லோவுக்கு இந்தப் பட்டியலில் ஒரு வரி கிடைப்பது சிரமம். அவன் உடற்பயிற்சி ஆசிரியன். அழகன். சிரித்த முகம். எல்லோருக்கும் பிடித்தவன். இரட்டையரில் ஒருவன் 26 வயதில் உலகம் பேசும் டைரக்டர் ஆகிவிட்டான். மற்றவன் உடற்பயிற்சிக்கூடம் நடத்துகிறான்.

படத்தில் வரும் ஒரு தகவல் என்னை நிறுத்தி வைத்தது. பாவ்லோவின் அறையில் படுக்க வைக்கப்பட்டவன் காமில்லோ. காரணம் சாதாரணமானது: அவன் நல்ல பிள்ளை, தொந்தரவு தராதவன், எதையும் பொறுத்துக்கொள்வான். நோயாளி இருக்கிற வீட்டில் கவனம் முழுவதும் நோயாளியின் பக்கம் போகிறது. மிச்சம் இருப்பது கலகம் செய்கிறவனுக்குப் போகிறது. ஒன்றும் கேட்காத பிள்ளைக்கு ஒன்றும் கிடைப்பதில்லை. அவன் கேட்காமல் இருப்பதே அவன் நன்றாக இருப்பதற்கு அத்தாட்சியாக எடுத்துக்கொள்ளப்படுகிறது. மனநோய் பற்றிய தடித்த புத்தகங்களில் நோயாளி உண்டு, தாய் உண்டு, டாக்டர் உண்டு. அடுத்த கட்டிலில் படுத்துக் கண்ணை மூடிக்கொண்டு அலறலைக் கேட்டுக்கொண்டிருந்த பையன் இல்லை.

3

1965-ல் வந்த 'பைக்குள் முஷ்டிகள்' படத்தை நான் 1970-களின் கடைசியில் ஒரு திரைப்படக் கழகத்தில் பார்த்தேன். பதினாறு மில்லிமீட்டர் பிரதி. ப்ரொஜக்டரின் சத்தத்துக்கும் மின்விசிறியின் சத்தத்துக்கும் நடுவே கொஞ்சம் இத்தாலியன்.

கதை ஒரு மலையடிவாரத்து வீட்டில் நடக்கிறது. பார்வையற்ற தாய். நான்கு பிள்ளைகள். மூத்தவன் ஒருவன்தான் வெளியுலகத்தில் வேலை, காதலி என்று நடமாடுகிறவன். அலெசாண்ட்ரோவுக்குக் காக்காய் வலிப்பு. இன்னொரு தம்பி அறிவு வளர்ச்சி குன்றியவன். அண்ணன் சுதந்திரமாக வாழ வேண்டுமானால் மற்றவர்கள் இருக்கக் கூடாது என்று அலெசாண்ட்ரோ முடிவு செய்கிறான். தாயை மலை விளிம்பிலிருந்து தள்ளிவிடுகிறான். தம்பியைக் குளியல் தொட்டியில் அமிழ்த்திக் கொல்கிறான். கடைசியில் இசைத்தட்டில் வெர்டியின் இசை உச்சத்துக்குப் போக, வலிப்பு வந்து தனியாகச் சாகிறான். அந்த முகம், லூ காஸ்டல் என்ற நடிகனின் குழந்தைத்தனமான, குரூரமான முகம், இன்னும் எனக்குள் இருக்கிறது.

அந்த வீடு பொப்பியோ என்ற ஊரில் இருந்த பெல்லோக்கியோக்களின் சொந்த வீடு. பணமும் குடும்பத்துப் பணம். குடும்பத்தின் காசில், குடும்பத்தின் கூரைக்குக் கீழே, திரையில் குடும்பத்தைக் கொன்றார் மார்க்கோ. 1968-க்குப் பிறகு அந்தப் படத்தை வரப்போகும் கலகத்தின் முன்னறிவிப்பாகப் படித்தார்கள். படிக்க முடிந்ததற்குக் காரணம் இருந்தது. லேய்ங்கும் எஸ்டர்சனும் 1964-ல் மனச்சிதைவு என்று முத்திரை குத்தப்பட்ட பெண்களின் குடும்பங்களை ஆராய்ந்து வெளியிட்டிருந்தார்கள். நோய் அந்தப் பெண்ணுக்குள் இல்லை, அவளைச் சுற்றி நடக்கும் பேச்சில் இருக்கிறது, குடும்பத்தின் முரண்களுக்கு அவள் கொடுக்கும் பதில்தான் பைத்தியம் எனப்படுகிறது என்ற எண்ணம் அதிலிருந்து பரவியது. கென் லோச் 1971-ல் எடுத்த 'குடும்ப வாழ்க்கை' இந்த எண்ணத்தின் சினிமா வடிவம். அந்த எண்ணத்தில் உண்மை உண்டு. வீட்டுக்குள் நடக்கும் மெல்லிய வன்முறைகளுக்கு ஒரு பெயர் கொடுத்தது அது.

அதில் ஒரு சௌகரியமும் உண்டு. அதைக் கண்டுகொள்ள எனக்கு வெகுகாலம் ஆயிற்று. குடும்பம் குற்றவாளி என்று சொல்கிறவன், சொல்லும் அந்தக் கணத்தில், குடும்பத்துக்கு வெளியே போய் நின்றுகொள்கிறான். குடும்பம் என்றால் அம்மா, குடும்பம் என்றால் சொத்து, குடும்பம் என்றால் சர்ச்சு. அதைப் பார்த்துவிட்ட கண் குடும்பம் அல்ல. கலைஞன் தப்பித்தவன், எனவே நிரபராதி.

அன்று படம் முடிந்து நாங்கள் நாலைந்து பேர் டீக்கடையில் நின்று, குடும்பம் ஒரு வன்முறை ஸ்தாபனம் என்று இரவு வெகுநேரம் பேசினோம். பிறகு அவரவர் வீட்டுக்குப் போய் அம்மா மூடி வைத்திருந்த சோற்றைச் சாப்பிட்டோம்.

4

1967-ல் 'சீனா அருகில்தான்' படத்துக்கு வெனிஸில் பரிசு. 1968-ல் பெல்லோக்கியோ ஒரு மாவோயிஸ்ட் குழுவில் சேர்கிறார். கலைஞன் என்ற தனி மனிதனைக் கரைத்துவிட்டு மக்களுக்குத் தொண்டு செய்ய வேண்டும் என்ற ஆவேசம் அந்த வருஷத்தில் அவர் ஒருவருக்கு மட்டும் வந்ததல்ல. 1969-ல் கலாப்ரியாவின் ஏழைகளைப் பற்றி அந்தக் குழுவுக்காகவே பிரசாரப் படம் எடுக்கப்பட்டது.

இதற்கு நடுவேதான் கடைசிச் சந்திப்பு. காமில்லோ தன்னுடைய மனச்சோர்வைச் சொல்கிறான். வாழ்க்கை பிடிபடவில்லை, எதிலும் ஒட்டவில்லை என்பதுபோல. மார்க்கோ அவனுக்கு அரசியலைச் சொல்கிறார். தனிமனிதத் துக்கம் வரலாற்றில் கரைந்துபோகும், போராட்டத்துக்கு வா என்ற வகையில். அதற்குக் காமில்லோ சொன்ன பதில்தான் படத்தின் தலைப்பு.

அதற்கு முன்னால் ஒரு கடிதமும் இருந்திருக்கிறது. தனக்கு என்ன செய்வதென்று தெரியவில்லை என்று சொல்லி, அண்ணனின் சினிமா உலகத்தில் தனக்கு ஏதாவது இடம் உண்டா என்று தயங்கித் தயங்கிக் கேட்ட கடிதம். மார்க்கோ அதைக் கவனத்தில் கொள்ளவில்லை. அலட்சியம் என்றுகூடச் சொல்ல முடியாது. அவருக்கு வேலை இருந்தது. உலகத்தை மாற்ற வேண்டியிருந்தது.

இந்த இடத்தில் மார்க்சியத்தைக் குறை சொல்லிக் கைதட்டல் வாங்கப் பார்ப்பவர்கள் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அதே வீட்டில் தாயாரிடம் வேறொரு பதில் தயாராக இருந்தது. தற்கொலை செய்துகொண்டவன் நரகத்துக்குப் போவான் என்பது அவர் நம்பிக்கை. மகன் இறந்த துக்கத்தைவிட மகனுடைய ஆத்மா எங்கே இருக்கிறது என்ற பயம் அவரை வதைத்தது என்று பிள்ளைகள் நினைவுகூர்கிறார்கள். மார்க்கோவின் வரலாறு, தாயின் நரகம். இரண்டும் பெரிய கட்டடங்கள். இரண்டிலும் ஒரு சாதாரண உடற்பயிற்சி ஆசிரியன் உட்கார்ந்து அழ ஒரு நாற்காலி கிடையாது.

5

இனி 1975. மார்க்கோ பெல்லோக்கியோ, சில்வானோ அகோஸ்தி, சாந்த்ரோ பெத்ராலியா, ஸ்தெஃபானோ ரூல்லி என்ற நான்கு பேர் சேர்ந்து பார்மா மாகாணத்தில் எடுத்த விவரணப் படம். இத்தாலிய மொழியில் 'மாத்தி த லெகாரே' என்றால் கட்டிப்போட வேண்டிய பைத்தியங்கள். நம் பேச்சிலும் அதே சொல் உண்டு. ஒரு எழுத்தை முன்னால் சேர்த்து 'மாத்தி த ஸ்லெகாரே', அவிழ்த்துவிட வேண்டிய பைத்தியங்கள், என்று படத்துக்குப் பெயர் வைத்தார்கள். 2001 ஆகஸ்ட் 6-ந் தேதி ஏர்வாடியில் சங்கிலியோடு எரிந்துபோன 28 பேரின் ஊர்க்காரனுக்கு இந்தச் சிலேடையில் சிரிக்க ஒன்றும் இல்லை.

படத்தின் பின்னணி ஃப்ராங்கோ பஸாலியா. 1961-ல் கொரீட்சியாவின் மனநோய் விடுதிக்குப் பொறுப்பேற்றவர், நோயாளிகளைக் கட்டிவைப்பதை நிறுத்தினார், கதவுகளைத் திறந்தார், டாக்டரும் நோயாளியும் ஒரே கூட்டத்தில் உட்கார்ந்து பேசும் வழக்கத்தைக் கொண்டுவந்தார். அந்த அனுபவத்திலிருந்து 1968-ல் வந்த புத்தகம் மாணவர்களின் கைகளில் எல்லாம் இருந்தது. 1969-ல் பார்மாவுக்குப் பக்கத்தில் கொலோர்னோ விடுதியை மாணவர்கள் ஆக்கிரமித்தார்கள். மாகாண நிர்வாகத்தில் இந்தத் துறையைப் பார்த்த மாரியோ தொம்மாஸீனி என்ற கம்யூனிஸ்ட் 1970-ல் பஸாலியாவை அங்கே அழைத்து வந்தார். பஸாலியா 1971-ல் த்ரியேஸ்தே போனார். 1973-ல் அங்கே நோயாளிகளும் கலைஞர்களும் சேர்ந்து ஒரு பெரிய நீலக் குதிரை செய்தார்கள். வெளியே கொண்டுபோக வாசல் போதவில்லை, வாசலை உடைத்தார்கள். கொலோர்னோவில் இப்படிப்பட்ட படிமங்கள் இல்லை. தொம்மாஸீனி நோயாளிகளுக்கு வீடும் வேலையும் தேடிக்கொண்டிருந்தார்.

படம் அவர்களோடு போகிறது. டாக்டர்கள் விளக்குவதைவிட, சிறுவயதிலேயே விடுதிகளில் அடைக்கப்பட்டவர்கள் பேசுவதே அதிகம். பேச்சு திக்குகிறது, வட்டமடிக்கிறது, நிற்கிறது. காமிரா நகராமல் காத்திருக்கிறது. தொழிற்சாலைப் பகுதி முக்கியமானது. விடுதியிலிருந்து வந்தவர்களோடு வேலை செய்யும் தொழிலாளிகள் பேசுகிறார்கள். தத்துவம் இல்லை. முதலில் பயமாக இருந்தது, பிறகு பழகிவிட்டது, இவன் இருப்பதால் எங்களுக்குள்ளும் பேச்சு நல்லவிதமாக மாறியது என்கிற மாதிரி. அரசியல் சினிமா என்ற பெயரில் அந்தப் பத்து வருஷங்களில் வந்த பலவற்றைவிட அந்தத் தொழிலாளிகளின் பேச்சு எனக்குப் பெரிதாகத் தெரிகிறது.

விஸ்மனின் 'டிடிகட் ஃபாலிஸ்' படத்தோடு ஒப்பிட்டால் வித்தியாசம் புரியும். 1967-ல் மாசசூஸெட்ஸில் குற்றவாளி மனநோயாளிகளை வைத்திருந்த பிரிட்ஜ்வாட்டர் விடுதியில் எடுத்த படம். அடுத்த வருஷமே கோர்ட்டு தடுத்து, 1991-ல்தான் பொதுவில் காட்ட முடிந்தது. அதில் காமிரா பேசாமல் பார்க்கிறது. நாம் வெட்கப்பட்டுப் பார்க்கிறோம். நோயாளிகளின் அந்தரங்கம் என்ற வாதத்தை வைத்து அரசாங்கம் தன் அந்தரங்கத்தைக் காப்பாற்றிக்கொண்டது என்பது உண்மைதான். என்றாலும் அந்த நிர்வாண உடல்களை யார் சம்மதத்தோடு பார்க்கிறோம் என்ற சங்கடம் போவதில்லை. இத்தாலியப் படத்தில் அந்தச் சங்கடம் குறைவு. அங்கே நோயாளி பார்க்கப்படுகிறவன் மட்டுமல்ல, பேச வந்தவன். காமிரா அவன் எதிரே உட்கார்ந்திருக்கிற ஆள்.

எதிரே உட்கார்ந்திருந்தவர்களில் ஒருவர், ஏழு வருஷத்துக்கு முன் தன் கூடப்பிறந்தவனின் பேச்சை உட்கார்ந்து கேட்காதவர். படத்தில் இதற்கு எந்தச் சமிக்ஞையும் இல்லை. மற்றவர்களுடைய சகோதரர்களுக்கு அவர் கொடுத்த அந்தப் பொறுமையில் கடன் தீர்க்கும் முயற்சி ஏதாவது இருந்ததா என்பது என் ஊகம்தான். ஆனால் 2021-க்குப் பிறகு 1975-ன் படத்தை வேறுவிதமாகப் பார்க்க எனக்கு முடியவில்லை.

6

1978 மே 13-ந் தேதி இத்தாலியப் பாராளுமன்றம் 180-ம் எண் சட்டத்தை நிறைவேற்றியது. நான்கு நாளைக்கு முன்தான் ஆல்தோ மோரோவின் பிரேதம் ரோமில் ஒரு காரின் பின்பக்கத்தில் கிடைத்திருந்தது. விடுதிகளை ஒழிப்பது பற்றிப் பொதுஜன வாக்கெடுப்பு வந்துவிடும் என்பதால் அவசரமாகக் கொண்டுவரப்பட்ட சட்டம். மனநோய் விடுதிகளில் புதிதாக யாரையும் சேர்க்கக் கூடாது. இருப்பவை படிப்படியாக மூடப்பட வேண்டும். உலகத்தில் அப்படி ஒரு சட்டம் முதலாவது. முழுக்க மூடி முடிக்க 1990-களின் கடைசி ஆயிற்று. பஸாலியா அதைப் பார்க்க இல்லை, 1980-ல் இறந்துவிட்டார்.

சட்டம் சரியானது என்பதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் அவிழ்த்துவிடப்பட்டவர்கள் எங்கே போனார்கள்? தொம்மாஸீனி மாதிரி ஆள் இருந்த ஊர்களில் வேலைக்கும் பகிர்ந்து வாழும் வீடுகளுக்கும் போனார்கள். ஆள் இல்லாத ஊர்களில் வீட்டுக்குப் போனார்கள். வீட்டில் யார் இருந்தார்கள்? அம்மாவும் அக்காவும். பதினைந்து வருஷமாகப் புத்திசாலிகள் எந்த ஸ்தாபனத்தைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றியிருந்தார்களோ, அதே ஸ்தாபனத்தின் தலையில் முழுப் பாரமும் இறங்கியது. 1980-களில் இத்தாலியில் நோயாளிகளின் குடும்பத்தார் சங்கங்கள் வைத்துச் சத்தம் போட்டபோது முற்போக்காளர்களில் பலர் அதைப் பிற்போக்கு என்றார்கள். குடும்பம் சோர்ந்துபோகக்கூடியது என்பதற்கு அவர்களுடைய கோட்பாட்டில் இடம் இருக்கவில்லை.

7

1980-ல் 'சூன்யத்தில் ஒரு தாவல்'. ஒரு நீதிபதி, அவனோடு வாழும் அக்கா, அவளுடைய பைத்தியம். மிஷேல் பிக்கோலியும் அனூக் ஏமேயும் கானில் நடிப்புப் பரிசுகள் வாங்கினார்கள். 1982-ல் 'கண்கள், வாய்'. இதில்தான் பெல்லோக்கியோ முதல்முறையாக இரட்டைச் சகோதரனின் தற்கொலையைத் தொட்டார். பைக்குள் முஷ்டிகளின் அதே லூ காஸ்டல், இப்போது வயது கூடி, சவ அடக்கத்துக்கு வரும் ஜொவான்னி என்ற நடிகனாக. படத்துக்குள் அவன் தியேட்டருக்குப் போய்த் தான் இளமையில் நடித்த பைக்குள் முஷ்டிகளையே பார்க்கிறான். இறந்தவனுடைய காதலியை நேசிக்கிறான். தாயைத் தேற்றுவதற்காக இறந்தவனைப் போல் வேஷமிட்டு அவள் முன் தோன்றுகிறான்.

கெட்டிக்காரத்தனமான படம். பெல்லோக்கியோவே அதில் திருப்தி அடையவில்லை. குறை எங்கே என்று எனக்குத் தோன்றுவதைச் சொல்கிறேன். படம் உயிரோடிருக்கும் சகோதரனைப் பற்றியது. இறந்தவன் அவனுடைய வேஷமாக, அவனுடைய காதலுக்குத் தடையாக, அவனுடைய விடுதலைக்குப் படியாக வருகிறான். இறந்தவன் யார் என்று ஒருவரும் கேட்பதில்லை. சாவிலும் அவன் துணைப்பாத்திரம்.

இந்தக் காலத்தில் பெல்லோக்கியோ மாவோவை விட்டு மாஸ்ஸிமோ ஃபஜோலி என்ற மனவைத்தியரின் கூட்டுப் பகுப்பாய்வுக்குப் போயிருந்தார். 1986-ல் 'உடலுக்குள் பிசாசு' எடுக்கும்போது ஃபஜோலி படப்பிடிப்பிலேயே உட்கார்ந்திருந்தது பெரிய சர்ச்சை. அந்த உறவை நான் கேலி செய்ய மாட்டேன். ஒரு மனிதன் எதைப் பிடித்துக்கொண்டு கரையேறுகிறான் என்பது அவனுடைய விஷயம். ஆனால் மீண்டும் ஒரு பெரிய பாஷை. முதலில் கலகத்தின் பாஷை, பிறகு புரட்சியின் பாஷை, பிறகு அடிமனத்தின் பாஷை. ஒவ்வொன்றிலும் காமில்லோவின் சாவுக்கு ஒரு விளக்கம் கிடைத்திருக்கும். விளக்கம் கிடைத்தால் விசாரிக்க வேண்டியதில்லை. 2002-ன் 'மதபோதனை நேரம்' படத்தில் தாயைக் கொன்ற பைத்தியக்காரச் சகோதரன் வருகிறான். பாவ்லோவின் அலறல் ஒருவழியாகத் திரைக்கு வந்துவிட்டது. காமில்லோவின் மௌனத்துக்கு இன்னும் இருபது வருஷம் வேண்டியிருந்தது.

8

'மார்க்ஸ் காத்திருக்கட்டும்' படத்தில் உத்தி என்று சொல்ல அதிகம் இல்லை. சகோதரர்கள் தனித்தனியாக உட்கார்ந்து பேசுகிறார்கள். மார்க்கோ கேட்கிறார், சில சமயம் தானும் காமிராவுக்கு முன் வந்து பதில் சொல்கிறார். பழைய போட்டோக்கள். இறந்தவனுடைய காதலியின் சகோதரி பேசுகிறார். அந்தக் குடும்பம் பெல்லோக்கியோக்கள் தங்களை எப்படி நடத்தினார்கள் என்று மறக்கவில்லை. லூயிஜி கன்க்ரீனி என்ற மனவைத்தியரும் விர்ஜீலியோ ஃபன்தூட்ஸி என்ற சேசுசபைப் பாதிரியாரும் வருகிறார்கள். மார்க்கோவின் மகனும் மகளும் வருகிறார்கள். பெயர் தெரிந்த சித்தப்பாவைப் பற்றி அவர்களுக்கும் இப்போதுதான் முழுதாகத் தெரியவருகிறது.

நடுநடுவே மார்க்கோவின் பழைய கதைப்படங்களிலிருந்து துண்டுகள். வேறொருவர் செய்திருந்தால் இது ஒரு மேதையின் வாழ்க்கைக் குறிப்பாக ஆகியிருக்கும். இங்கே அந்தத் துண்டுகள் கோர்ட்டில் வைக்கப்படும் சான்றுப்பொருள்கள் மாதிரி இருக்கின்றன. 1965-ல் இதை எடுத்தாய், 1982-ல் இதை எடுத்தாய். அப்போதெல்லாம் உனக்கு என்ன தெரிந்திருந்தது? கலைப்படைப்பு அனுபவத்தை வெளியே கொண்டுவருகிறது என்று நாம் சொல்லி வந்திருக்கிறோம். படைப்பு அனுபவத்தை மூடி வைப்பதற்கும் பயன்படும், அதுவும் நல்ல படைப்பாக இருந்தாலே பயன்படும் என்று இந்தப் படம் காட்டுகிறது.

பேசுகிறவர்களில் யாருக்கும் முழு நினைவு இல்லை. ஒருவர் சொல்வது மற்றவர் சொல்வதோடு பொருந்துவதில்லை. பியர்ஜார்ஜோ, அவ்வளவு கூர்மையான விமர்சகர், தம்பியின் விஷயத்தில் தான் ஒன்றையும் கவனிக்கவில்லை என்ற நிலையில்தான் இருக்கிறார். 2022-ல் அவர் இறந்துவிட்டார். என்னை மிகவும் பாதித்தவர் லெட்டீட்ஸியா. காது கேளாதவர்; பேச்சு சிரமப்பட்டு வருகிறது. மற்றவர்கள் சரளமாகப் பேசி எதையோ தாண்டிப் போய்விடுகிற இடங்களில் இவர் நிற்கிறார். தட்டுத்தடுமாறி வரும் சொற்களில் தாண்டிப்போக வழி இல்லை.

எங்கேயும் ஒரு முடிவு சொல்லப்படவில்லை. இவர்தான் காரணம், இதுதான் காரணம் என்று இல்லை. மன்னிப்பும் இல்லை. பாதிரியார் மார்க்கோவின் படங்களில் பாவசங்கீர்த்தனத்தைக் காண்கிறார். அதை மார்க்கோ கேட்டுக்கொள்கிறார். ஏற்றுக்கொண்டார் என்று எனக்குப் படவில்லை. படம் வந்து சேரும் இடம் ஒன்றே ஒன்று: நானும் அந்தக் குடும்பம்தான். 1965-ல் மலை விளிம்பில் தாயைத் தள்ளிவிட்டவன் தப்பித்துப் போகவில்லை. அவன் பதில் போடாத கடிதத்தில் குடும்பமாகவே இருந்தான்.

இந்த நூற்றாண்டில் சொந்த வீட்டைப் படம் எடுப்பது ஒரு தனி வகையாகவே வளர்ந்துவிட்டது. 2003-ல் ஜானதன் காவெட் என்ற அமெரிக்க இளைஞர், இளமையில் மின்அதிர்ச்சிக்கு உள்ளான தன் தாயையும் தன்னையும் பற்றி 'டார்னேஷன்' எடுத்தார்; வீட்டுக் கம்ப்யூட்டரில் தொகுத்த படம், முதலில் ஆன செலவு 218 டாலர் என்று பேசப்பட்டது. 2007-ல் நடிகை சாந்த்ரீன் பொன்னேர், ஐந்து வருஷம் மனநோய் ஆஸ்பத்திரியில் இருந்து அடையாளம் தெரியாமல் மாறிப்போன தன் தங்கையைப் பற்றி எடுத்தார். 2024 கடைசியில் ஜப்பானில் வெளியான ஃபுஜினோ தொமோஆகியின் படம் இவற்றில் மிகக் கடினமானது. மனச்சிதைவு கண்ட அக்கா. டாக்டர்களான பெற்றோர் அவளுக்கு நோய் இல்லை என்று சொல்லிக் கதவுக்குப் பூட்டுப் போட்டு வைத்தார்கள். தம்பி 2001-லிருந்து இருபது வருஷம் வீட்டில் காமிராவைத் தூக்கிக்கொண்டு திரிந்தார். ஆஸ்பத்திரியில் சேர்த்து மருந்து கொடுத்தபோது அக்கா தெளிந்தாள். அதற்குள் இருபத்தைந்து வருஷம் போய்விட்டது. படத்தின் பெயரே கேள்வி: என்ன செய்திருக்க வேண்டும்? குடும்பமே நோய் என்ற அந்தப் பழைய வாக்கியத்தை அந்தப் பூட்டுக்கு முன்னால் நின்று சொல்லிப் பார்த்தேன். பாதி சரியாக இருந்தது. மருந்துக்கு முன்னால் சொல்லிப் பார்த்தேன். அந்த இடத்தில் அதற்குப் பேச்சே வரவில்லை.

9

1981-ல், என் 26-வது வயதில், லேய்ங்கை முன்வைத்து ஒரு சிறுபத்திரிகையில் கட்டுரை எழுதினேன். பைத்தியம் என்பது சமூகம் தாங்க முடியாத ஒரு பார்வை, மொழிக்கு முன்னால் போகும் பிரக்ஞை, கவிஞனுக்கும் பைத்தியத்துக்கும் உறவு உண்டு என்றெல்லாம். சிலர் பாராட்டிக் கார்டு போட்டிருந்தார்கள். போன மாதம் அதைத் தேடி எடுத்துப் பார்த்தேன். 'பைத்தியம்' என்ற சொல் பதினெட்டு தடவை வருகிறது. நான் அதை எழுதிக்கொண்டிருந்த அறைக்கு அடுத்த அறையில் என் அக்கா இருந்தாள். எட்டு வருஷமாக அவளுக்கு உடம்பு சரியில்லை. வீட்டில் அப்படித்தான் சொல்வோம். அம்மா அம்மியில் மாத்திரையைப் பொடி செய்து தயிர்சாதத்தில் கலந்துகொண்டிருப்பாள். தெரிந்தால் சாப்பிட மாட்டாள் என்பதால் ரசம் ஊற்றுகிற நேரத்தில் அவசரமாகக் கலக்க வேண்டும். அந்தச் சத்தம் கேட்டால் எனக்கு வாக்கியம் தடைப்படும். எழுந்து கதவைச் சாத்திக்கொள்வேன்.

பத்திரிகை வந்ததும் அக்கா எடுத்துப் படித்தாள். நல்ல நாட்களில் அவள் நிறையப் படிப்பாள். வரிக்குக் கீழே விரலை வைத்துக்கொண்டு, ஒரு மத்தியானம் முழுவதும். பிறகு என் அறைக்கு வந்து, "இதுல நான் எங்கடா இருக்கேன்?" என்று கேட்டாள்.

"பொதுவா எழுதினதுக்கா" என்றேன்.

"அப்ப சரி" என்று பத்திரிகையை மேஜையில் வைத்துவிட்டுப் போனாள்.

அவள் இறந்து பத்தொன்பது வருஷம் ஆகிறது. நான் அவளைப் பற்றி எழுதுவது இது முதல் தடவை. இதையும் பெல்லோக்கியோவைப் பற்றி என்று சொல்லிக்கொண்டுதான் ஆரம்பித்தேன்.